துஞ்சோக் செபாப்

1958 ஜூலை 7ஆம் தேதி மலாயாவின் போலீஸ் கமிஷனர் ஓர் இன்ஸ்பெக்டரை வேலையிலிருந்து நீக்கினார். அவர் பெயர் பி. சுரிந்தர் சிங் கண்டா. (பெயரின் கடைசிப் பகுதியை மட்டும் கேட்டுவிட்டு நம்ம ஆள் என்று நினைக்கிறவர்கள் உண்டு. இவர் சீக்கியர்.) ஒரு குற்ற வழக்கில் குற்றம் சாட்டப்பட்டவருக்குச் சாதகமான சாட்சியம் இருப்பது தெரிந்தும் அதை வெளியே சொல்லவில்லை என்பது அவர்மேல் வைக்கப்பட்ட குற்றச்சாட்டு. துறை விசாரணை நடந்தது. சாட்சிகள் வந்தார்கள், கண்டாவும் பேசினார். வெளியிலிருந்து பார்த்தால் எல்லாமே முறைப்படி நடந்த மாதிரிதான் இருக்கும்.

ஆனால் விசாரித்த அதிகாரியின் மேசையில் இன்னொரு தாள்கட்டு இருந்தது. அதற்கு முன்பே கூடிய ஒரு விசாரணைக் குழுவின் அறிக்கை அது. கண்டாவைப் பற்றி மிக மோசமாகப் பேசிய அறிக்கை. அதிகாரி அதைப் படித்துவிட்டுத்தான் விசாரிக்க உட்கார்ந்தார். கண்டாவுக்கு அதன் பிரதி தரப்படவில்லை. பிறகு அவர் அரசாங்கத்தின்மேல் வழக்குப் போட்டு, அந்த வழக்கு நீதிமன்றத்தில் நடந்துகொண்டிருந்தபோதுதான் அறிக்கை அவர் கைக்கு வந்தது.

உயர்நீதிமன்ற நீதிபதி ரிக்பி, பதவி நீக்கம் செல்லாது என்றார். மேல்முறையீட்டு நீதிமன்றம் பெரும்பான்மை முடிவில் அதைத் தலைகீழாக்கியது. அப்போதெல்லாம் நம் வழக்குகளுக்குக் கடைசிப்படி லண்டன். 1962 ஏப்ரலில் பிரிவி கவுன்சிலில் டென்னிங் பிரபு தீர்ப்பளித்தார். ஒருவரைப் பேச விடுவது மட்டும் அவரைக் கேட்டதாகிவிடாது. அவருக்கு எதிராக என்ன சொல்லப்பட்டது என்பது அவருக்குத் தெரிந்திருக்க வேண்டும். முடிவெடுப்பவர் ஒரு தரப்பின் முதுகுக்குப் பின்னால் மறுதரப்பிடம் எதையும் வாங்கிக்கொள்ளக் கூடாது. இதுதான் அதன் சாரம். எனக்கு முக்கியமாகப் படுவது அதற்கடுத்த இடம். அந்த அறிக்கை உண்மையிலேயே அதிகாரியின் மனத்தைக் கெடுத்ததா என்று நீதிமன்றம் தோண்டிப் பார்க்காது, கெடுத்திருக்கக்கூடும் என்பதே போதும் என்றார் டென்னிங்.

இதன் எடை தெரிய இந்தியாவைப் பார்க்க வேண்டும். விசாரணை அறிக்கையின் பிரதியைச் சம்பந்தப்பட்ட ஊழியருக்குக் கொடுத்தே ஆக வேண்டும் என்று இந்திய உச்சநீதிமன்றம் தெளிவாகச் சொன்னது 1990களின் தொடக்கத்தில்தான். 1993இல் வந்த கருணாகர் வழக்கில் அதை உறுதி செய்தபோதுகூட, பிரதி தராததால் உனக்கு என்ன பாதகம் என்று ஊழியர் காட்ட வேண்டும் என ஒரு கொக்கியை மாட்டிவிட்டது. 30 வருஷத்துக்கு முன்பே மலாயாவிலிருந்து போன ஒரு வழக்கு அந்தக் கொக்கி இல்லாமல் ஜெயித்திருந்தது.

கண்டா ஜெயித்ததற்கு இன்னொரு காரணமும் உண்டு. மெர்டேக்காவுக்குப் பிறகு இன்ஸ்பெக்டர்களை நியமிக்கும் அதிகாரம் அரசியலமைப்பின்படி போலீஸ் சேவை ஆணையத்துக்குப் போய்விட்டது. கமிஷனர் அதற்குக் கீழ்ப்பட்டவர். நியமிக்கும் அதிகாரம் உள்ளவருக்குக் கீழே இருப்பவர் ஓர் ஊழியரை நீக்கக் கூடாது என்கிறது 135ஆம் ஷரத்தின் முதல் உட்பிரிவு. ஆகவே கமிஷனர் கையெழுத்துக்கு மதிப்பில்லை.

இந்த விதி கோலாலம்பூரில் பிறந்ததல்ல. 1936-37 வாக்கில் மெட்ராஸ் மாகாணத்திலிருந்து இரண்டு வழக்குகள் பிரிவி கவுன்சிலுக்குப் போயின. ஒன்று ஆர்.டி. ரங்காச்சாரி என்ற போலீஸ் சப்-இன்ஸ்பெக்டருடையது. இன்னொன்று மெட்ராஸ் அரசாங்க அச்சகத்தில் பிழை திருத்துபவராக இருந்த வெங்கட ராவுடையது. ராஜாவின் ஊழியன் ராஜாவுக்குப் பிடிக்கும்வரைதான் வேலையில் இருப்பான் என்பது பழைய ஆங்கிலச் சட்டம். அதை 1919ஆம் ஆண்டுச் சட்டம் கொஞ்சம் தளர்த்தியிருந்தது. எவ்வளவு தளர்த்தியது என்பதுதான் கேள்வி. தன்னை நியமித்தவருக்குக் கீழே உள்ள ஒருவர் தன்னை நீக்கினார் என்று காட்டிய ரங்காச்சாரிக்கு வெற்றி. விதிப்படி விசாரணை நடத்தாமல் என்னை நீக்கினார்கள் என்று சொன்ன வெங்கட ராவுக்குத் தோல்வி. விசாரணை விதிகள் அரசாங்கம் தனக்குத்தானே போட்டுக்கொண்டவை, அவற்றை மீறினால் அரசாங்கத்திடமே முறையிடலாமே தவிர நீதிமன்றத்துக்கு வர முடியாது என்று சொல்லி அனுப்பிவிட்டார்கள். கையெழுத்து போட்டவர் யார் என்று கேட்கலாம், ஏன் போட்டாய் என்று கேட்க முடியாது. அன்றைய நிலைமை அவ்வளவுதான்.

வெங்கட ராவுக்குக் கிடைக்காதது 1935ஆம் ஆண்டு இந்திய அரசாங்கச் சட்டத்தின் 240ஆம் பிரிவில் வந்தது. நீக்குவதற்கு முன் காரணம் காட்ட நியாயமான வாய்ப்புத் தர வேண்டும். அது 1950இல் இந்திய அரசியலமைப்பின் 311ஆம் ஷரத்தானது. மலாயாவுக்கு அரசியலமைப்பு எழுத வந்த ரீட் குழுவின் ஐந்து பேரில் ஒருவர் அலகாபாத் உயர்நீதிமன்றத்தின் முன்னாள் தலைமை நீதிபதி பி. மாலிக். நம் 135ஆம் ஷரத்தை 311க்குப் பக்கத்தில் வைத்துப் படித்தால் சாயல் தெரியும். மெட்ராஸ் மாகாணத்திலிருந்து ஆட்கள் கப்பலேறி இங்கே வந்த கதையை நாம் நிறைய எழுதிவிட்டோம். அவர்களுக்குப் பின்னால் ஒரு சட்ட வாசகமும் அதே திசையில் வந்ததை யாரும் எழுதியதாக எனக்குத் தெரியவில்லை.

வந்த வாசகம் வந்தபடியே நிற்கவில்லை. பிற்பாடு 135இல் ஒரு விதிவிலக்கைச் சேர்த்தார்கள். பொதுநலன் கருதி ஒருவரின் சேவை முடிக்கப்பட்டால் அது பதவி நீக்கம் ஆகாது, அவருடைய தவறான நடத்தையோடு சம்பந்தப்பட்டிருந்தாலும் ஆகாது. இந்த வரி மெர்டேக்கா நாளிலிருந்தே ஷரத்தின் பகுதியாக இருந்ததாகக் கருதப்படும் என்று அங்கேயே எழுதியிருக்கிறது. 1957இல் இல்லாத ஒரு வாசகம் 1957இலேயே இருந்துவிட்டது. புனைகதைக்காரர்கள்கூட இவ்வளவு துணிச்சலாகக் காலத்தைக் கையாள்வதில்லை.

இனி புக்கிட் பெலிம்பிங். கோலசிலாங்கூர் வட்டாரத் தோட்டங்களில் வளர்ந்தவர்களுக்குக் 'கவர்மெண்டு வேல' என்ற சொல்லின் கனம் தெரியும். ஜே.கே.ஆரில் ரோட்டு வேலை, ஆஸ்பத்திரியில் அட்டெண்டர், பள்ளிக்கூடத்துத் தோட்டக்காரர், ரயில்வே, எதுவானாலும் சரி. "மாப்பிள்ளைக்குக் கவர்மெண்டு வேல" என்று சொன்னால் பெண் வீட்டில் அடுத்த கேள்வி குறையும். சம்பளம் அப்படியொன்றும் பெரிதில்லை. மழை பெய்தாலும் சம்பளம் உண்டு, வயதானால் பென்ஷன் உண்டு என்பதுதான் கவர்ச்சி. பால் மரத்துக்குப் போகிறவனுக்கு மழை என்றால் அன்றைய கூலி போச்சு. தோட்டத்தில் வேலை போனால் வேலை மட்டும் போவதில்லை, லயத்து வீடும் போகும். பெரட்டில் பெயர் இல்லாதவனுக்குத் தோட்டத்தில் கூரையும் இல்லை. எனவே கெட்டிக்காரக் குடும்பங்கள் ஒரு கணக்குப் போட்டன. புருஷன் வெளியே அரசாங்க வேலைக்குப் போவார், பொஞ்சாதி தோட்டத்திலேயே பால் வெட்டுவார். அந்தப் பக்கம் பென்ஷன், இந்தப் பக்கம் வீடு.

ஆனால் வேலையிலிருந்து நீக்கும் கட்டத்துக்கு வந்தால் கணக்கு விசித்திரமாகத் திரும்புகிறது. 1967ஆம் ஆண்டுத் தொழிலுறவுச் சட்டத்தின் 20ஆம் பிரிவின்படி, நியாயமான காரணம் இல்லாமல் நீக்கப்பட்டதாக நினைக்கும் தொழிலாளி மீண்டும் வேலை கேட்டு முறையிடலாம். விவகாரம் தொழில் நீதிமன்றத்துக்குப் போனால் காரணத்தை நிரூபிக்க வேண்டியது முதலாளி. சாட்சி கூண்டில் நிற்பார், குறுக்கு விசாரணை நடக்கும், தொழிலாளிக்காகச் சங்கத்தின் ஆள் எழுந்து பேசலாம். (அது அங்கே போகலாமா என்று முடிவு செய்யும் அதிகாரம் வெகுகாலம் அமைச்சர் கையில் இருந்தது, அது வேறு கதை.) அதே சட்டத்தின் 52ஆம் பிரிவு அரசாங்க ஊழியர்களை இந்த ஏற்பாட்டுக்கு வெளியே நிறுத்திவிட்டது. அவர்களுக்கு 135ஆம் ஷரத்து இருக்கிறது, உயர்நீதிமன்றத்தின் சீராய்வு இருக்கிறது. சீராய்வில் நீதிமன்றம் கேட்கும் கேள்வியே வேறு. இவர் தப்பு செய்தாரா என்று அது கேட்பதில்லை, முடிவு எடுத்த முறை சரியா என்றுதான் கேட்கும்.

ஆகவே எல்லாமே 'கேட்கப்படும் நியாயமான வாய்ப்பு' என்ற சொற்களின் பொருளைப் பொறுத்தது. கண்டா வழக்கு அந்தச் சொற்களுக்கு உயிர் கொடுத்தது. சட்ட மாணவர்கள் இன்றும் அதைத்தான் மனப்பாடம் செய்கிறார்கள். ஆனால் கீழ்மட்ட ஊழியர்களின் வாழ்க்கையில் அதைவிடப் பெரிய பாதிப்பை உண்டாக்கியது 1976இல் வெளியான நஜார் சிங் வழக்கு என்பது என் எண்ணம். அதுவும் பிரிவி கவுன்சில் வரைக்கும் போனது. கேட்பது என்றால் நேரில் உட்கார வைத்துக் கேட்பது என்று கட்டாயமில்லை, குற்றச்சாட்டைக் கடிதத்தில் அனுப்பி அதற்கு எழுத்தில் விளக்கம் வாங்கிக்கொண்டாலே கேட்டதாக ஆகும் என்று அங்கே முடிவானது. காதுக்கு இருந்த வேலை கண்ணுக்கு மாறியது. ஆங்கிலமோ மலாயோ சரளமாக எழுதத் தெரிந்த ஓர் அதிகாரிக்கு இதில் பெரிய நஷ்டமில்லை. சொல்லப்போனால் அவருக்கு இது வசதி.

நம் ஆட்களுக்கு? 1993ஆம் ஆண்டு ஒழுங்கு விதிகளின்படி வேலை நீக்கமோ பதவி இறக்கமோ வரக்கூடிய விவகாரத்தில் ஊழியருக்குக் குற்றச்சாட்டு எழுத்தில் வரும். பதில் எழுத 21 நாள். மலாயில் இதற்கு 'சூராட் துஞ்சோக் செபாப்' என்று பெயர், காரணம் காட்டச் சொல்லும் கடிதம். தோட்டத்தில் சுருக்கமாகத் 'துஞ்சோக் செபாப் வந்துருச்சாம்' என்பார்கள். சாவுச் செய்தி சொல்லும் குரலில்தான் அது சொல்லப்படும்.

எங்கள் லயத்தில் ஒருவருக்கு அது வந்தது. எந்தத் துறை என்பது வேண்டாம். 'தீடாக் ஹாடிர் பெர்துகாஸ்', வேலைக்கு வரவில்லை, இத்தனை நாள், இன்னின்ன தேதி. அவருக்கு மலாய் பேச நன்றாக வரும். சந்தையில் பேசுகிற மலாய். கடிதத்தில் இருந்தது வேறு மலாய். கோயில் கமிட்டியில் எழுதத் தெரிந்த ஒருவரிடம் போனார்கள். அவர் தோட்டத்தில் பல வருஷமாக மனு எழுதிப் பழகியவர். வீட்டுக் கூரை ஒழுகுது, தண்ணிக் குழாய் வேணும், தீபாவளிக்கு முன்பணம் வேணும் என்று துரைக்குப் போகும் மனுக்கள். அந்த மனுக்களுக்கு ஒரு வடிவம் உண்டு. முதலில் பணிவு, பிறகு குடும்பக் கஷ்டம், கடைசியில் கருணை. இந்தக் கடிதத்துக்கும் அதே வடிவத்தில் பதில் போனது. தவறு நடந்துவிட்டது, மன்னிக்க வேண்டும், எனக்கு நான்கு பிள்ளைகள், இனி இப்படி நடக்காது. அவர் வராத நாட்களில் பெரும்பாலானவை அவர் மனைவி கிள்ளான் ஆஸ்பத்திரியில் கிடந்த நாட்கள். ஆஸ்பத்திரிச் சீட்டுகள் வீட்டில் ஒரு மைலோ டின்னில் இருந்தன. அவற்றையும் சேர்த்து அனுப்ப வேண்டும் என்று யாருக்கும் தோன்றவில்லை. மனுவில் ஆதாரம் இணைக்கும் பழக்கம் கிடையாது. துரையிடம் போய் ஆதாரம் நீட்டினால் எதிர்த்துப் பேசுவதாக ஆகிவிடும்.

பதவி நீக்கக் கடிதம் வந்த பிறகுதான் கிள்ளானில் ஒரு வக்கீலிடம் போனார்கள். அவர் கேட்ட முதல் கேள்வி: "துஞ்சோக் செபாப்புக்குப் பதில் எழுதுனீங்களா?"

"எழுதுனோங்க சார், டைமுக்கே எழுதிட்டோம்."

எழுதியதைப் பெருமையாகத்தான் சொன்னார்கள். வக்கீல் பிரதியை வாங்கிப் படித்தார். குற்றச்சாட்டு தரப்பட்டது, 21 நாள் தரப்பட்டது, பதில் வந்தது, பதிலில் ஒப்புக்கொண்டிருக்கிறது. முறையில் எங்கே ஓட்டை? மேலே போக வேண்டாம் என்று சொல்லி, காசுகூட வாங்காமல் அனுப்பிவிட்டார். பதவி நீக்கப்பட்டவருக்குப் பென்ஷன் கிடையாது. மற்றவர்களுக்கேகூட அது முழு உரிமை அல்ல என்று 1980ஆம் ஆண்டு ஓய்வூதியச் சட்டத்தின் 3ஆம் பிரிவு சொல்கிறது.

தண்டனையின் அளவையாவது நீதிமன்றம் பார்க்குமா? 1996இல் ஒரு கதவு திறந்தது. தான் தெக் செங் ஓர் ஆரம்பப்பள்ளியின் துணைத் தலைமையாசிரியர். மூவாயிரத்துச் சொச்சம் ரிங்கிட் பள்ளிப் பணம் தொடர்பாக நம்பிக்கை மோசடி வழக்கில் சிக்கினார். மேல்முறையீட்டில் உயர்நீதிமன்றம் அவருடைய தண்டனையை அகற்றி, நன்னடத்தைப் பிணையில் விட்டது. ஆனால் கல்விச் சேவை ஆணையம், குற்றம் நிரூபணமாகிவிட்டது, இனி கேட்க வேண்டியதில்லை என்று அவரை நீக்கிவிட்டது. 135 அதற்கு இடம் கொடுக்கிறது. மேல்முறையீட்டு நீதிமன்றத்தில் நீதிபதி கோபால் ஸ்ரீ ராம் வேறு வழியில் போனார். அரசியலமைப்பின் 5ஆம் ஷரத்தில் உள்ள 'உயிர்' என்ற சொல்லில் பிழைப்பும் அடங்கும், 8ஆம் ஷரத்தின் சமத்துவத்தில் நியாயமான நடைமுறையும் அடங்கும் என்று இந்தியத் தீர்ப்புகளின் போக்கில் வாசித்தார். இந்தத் தப்புக்கு வேலை நீக்கம் அதிகம் என்று சொல்லி, பதவி இறக்கமாக மாற்றினார்கள். பிழைப்பைப் பறிப்பது உயிரைத் தொடுவது என்பது தோட்டத்தில் யாரும் தீர்ப்பைப் படித்துத் தெரிந்துகொள்ள வேண்டிய விஷயமில்லை. ஆனாலும் அது சட்டப் புத்தகத்தில் ஏறியது அப்போதுதான்.

அடுத்த வழக்கு நமக்கு இன்னும் பக்கத்தில் இருக்கிறது. பினாங்குப் பெரிய ஆஸ்பத்திரியின் ஒழுங்கு நடவடிக்கை வாரியத்துக்கு எதிராக 'உத்ரா பாடி த/பெ கே. பெருமாள்' என்று பதிவாகியிருக்கிறது. உத்திராபதியாகத்தான் இருக்க வேண்டும். பதிவு ஆபீஸில் இரண்டு துண்டான எத்தனையோ பெயர்களில் இதுவும் ஒன்று. குற்றம் முடிவான பிறகு, தண்டனை போடும் முன், அதைக் குறைக்கச் சொல்லிக் கேட்க ஊழியருக்கு உரிமை உண்டா என்பது கேள்வி. உண்டு என்றது மேல்முறையீட்டு நீதிமன்றம், 2000இல். மறுபடியும் கோபால் ஸ்ரீ ராம்தான். நற்பெயரும் உயிரின் பகுதி என்றார். அடுத்த ஆண்டு கூட்டரசு நீதிமன்றம் அதைத் தள்ளியது. தண்டனைக்கென்று தனியாக இன்னொரு முறை கேட்க வேண்டியதில்லை. இந்தியாவிலும் இப்படித்தான் நடந்தது. அங்கே 311இல் இருந்த இரண்டாவது வாய்ப்பை 1976இல் 42ஆவது திருத்தம் எடுத்துவிட்டது.

சட்டத்தின் பார்வையில் இதற்கு ஒரு நியாயம் இருக்கலாம். ஒரே விவகாரத்துக்கு எத்தனை தரம் கடிதம் போடுவது? ஆனால் எங்கள் லயத்து மனிதர் அனுப்பியது உண்மையில் அந்த இரண்டாவது கட்டத்துக்கான கடிதம். கருணை கேட்கும் கட்டம். முதல் கட்டத்துக்கான பதிலை அவர் எழுதவே இல்லை. இரண்டும் ஒரே 21 நாளுக்குள், ஒரே தாளில் வர வேண்டும் என்றால் எதை எழுதுவது என்று தெரிந்திருக்க வேண்டும். மறுத்து எழுதினால் திமிர், மன்னிப்புக் கேட்டால் ஒப்புதல்.

மன்னிப்புக் கடிதம் வேறுவிதமாக வேலை செய்த இடமும் உண்டு. 2003 ஜூலை 2ஆம் தேதி தமிழ்நாட்டில் அரசு ஊழியர்களும் ஆசிரியர்களும் வேலைநிறுத்தம் தொடங்கினார்கள். ஜெயலலிதா அரசு 4ஆம் தேதி ஓர் அவசரச் சட்டத்தால் எஸ்மாவைத் திருத்தி, விசாரணை இல்லாமலே நீக்கும் அதிகாரத்தை எடுத்துக்கொண்டது. சில நாட்களில் 1,70,241 பேர் வேலையில் இல்லை. துஞ்சோக் செபாப் எதுவும் இல்லை, 21 நாளும் இல்லை. சென்னை உயர்நீதிமன்றத்தின் அமர்வு, நிர்வாகத் தீர்ப்பாயத்துக்குப் போங்கள் என்றது. லட்சத்து எழுபதாயிரம் பேர் ஒரு தீர்ப்பாயத்தின் வாசலில் வரிசையில் நிற்பதைக் கற்பனை செய்து பாருங்கள். டி.கே. ரங்கராஜன் வழக்கு உச்சநீதிமன்றத்துக்குப் போனது. ஆகஸ்ட் 6ஆம் தேதி நீதிபதிகள் எம்.பி. ஷா, ஏ.ஆர். லட்சுமணன் தீர்ப்பளித்தார்கள். இப்படிப்பட்ட அசாதாரண நிலையில் உயர்நீதிமன்றம் தலையிட்டிருக்க வேண்டும் என்றார்கள். அதே தீர்ப்பில், வேலைநிறுத்தம் செய்ய அரசு ஊழியருக்கு அடிப்படை உரிமையும் இல்லை, சட்ட உரிமையும் இல்லை, தார்மீக உரிமையும் இல்லை என்றும் சொன்னார்கள். பெரும்பாலானவர்களைத் திரும்ப எடுத்துக்கொள்ள அரசு சம்மதித்தது. ஒரு நிபந்தனை. ஒவ்வொருவரும் நிபந்தனையற்ற மன்னிப்பும், இனி நடத்தை விதியை மீறமாட்டேன் என்ற உறுதியும் எழுதித் தர வேண்டும்.

அத்தனை பேரும் ஒரே வாசகத்தில் கையெழுத்துப் போட்டு உள்ளே போனார்கள். எஞ்சிய 6,072 பேரின் விவகாரத்தைத் தனித்தனியாகப் பார்க்க ஓய்வுபெற்ற உயர்நீதிமன்ற நீதிபதிகள் மூன்று பேரிடம் ஒப்படைத்தார்கள்.